சாண்டோ சின்னப்பா தேவர் அடிவாங்கிய காலம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தென்னாப்பிரிக்காவில், டர்பனை ஒட்டிய சாட்ஸ்வர்த்தில், எங்கள் கோயில் மண்டபத்தில் மாதத்துக்கு ஒரு ஞாயிறு பழைய தமிழ்ப் படம் போடுகிறோம். பெரியவர்கள் பாட்டுக்காக வருகிறார்கள். பேரப்பிள்ளைகள் சமோசாவுக்காக வந்து, சண்டை தொடங்கியதும் முன்வரிசைக்கு நகர்ந்துவிடுகிறார்கள். கருப்பு வெள்ளைப் படத்தில் எம்.ஜி.ஆரோடு மோதுகிற கட்டுமஸ்தான ஆள் ஒருவரை அவர்களுக்கு மிகவும் பிடித்துவிட்டது. "அந்த நெஞ்சு பெரிய மாமா யாரு?" என்று ஒருத்தன் ஆரம்பித்து வைத்தான். அன்றிலிருந்து ஒவ்வொரு மாதமும் அதே கேள்விகள் சுற்றிச் சுற்றி வருகின்றன. கேட்டவர்கள் கேட்டபடியே எழுதி, எனக்கு உறுதியாகத் தெரிந்த பதிலைக் கீழே கொடுத்திருக்கிறேன். வேறு ஊர்த் தமிழர்களுக்கு ஒரு சொல்: எங்கள் பேச்சில் பயாஸ்கோப் என்றால் சினிமாக் கொட்டகை.

யாரு இந்தச் சின்னப்பா தேவர்? ஹீரோவா, வில்லனா?

இரண்டும் இல்லை. முழுப்பெயர் எம்.எம்.ஏ. சின்னப்பா தேவர். 1915 ஜூன் 28 அன்று கோயம்புத்தூரில் பிறந்தார். 1978 செப்டம்பர் 8 அன்று காலமானார். 'தேவர் பிலிம்ஸ்' முதலாளி என்றுதான் எல்லோருக்கும் தெரியும். எம்.ஜி.ஆரை வைத்துப் பதினாறு படம் எடுத்தவர். யானை, குதிரை, நாய், ஆடு, பாம்பு எல்லாவற்றையும் நடிக்க வைத்தவர்.

நாங்கள் மண்டபத்தில் பேசுவது அதற்கு முந்தைய தேவரைப் பற்றி. 1940களிலும் 50களின் தொடக்கத்திலும் அவர் துணை நடிகர், சண்டை நடிகர். அடியாளாக வருவார், மல்லனாக வருவார், கதாநாயகனிடம் அடி வாங்கி விழுவார். அந்த விழுதலில் எவ்வளவு வித்தை இருந்தது என்பதைத்தான் இந்தப் பக்கத்தில் சொல்ல ஆசை.

'சாண்டோ'ன்னா குடும்பப் பேரா? ஜாதிப் பேரா?

இரண்டும் கிடையாது. யூஜின் சாண்டோ என்று ஜெர்மனியில் பிறந்த பலசாலி ஒருவர் இருந்தார். உடற்கட்டை மேடையில் காட்டி உலகப் புகழ் பெற்றவர். 1900களின் தொடக்கத்தில் இந்தியாவுக்கும் வந்து நிகழ்ச்சி நடத்தினார். அதற்குப் பிறகு உடற்பயிற்சி செய்து உடம்பை முறுக்கேற்றி வைத்திருந்தவர்களை ஊர் மக்கள் 'சாண்டோ' என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். பயில்வான், உஸ்தாத் மாதிரி அதுவும் ஒரு பட்டம் ஆகிவிட்டது. தமிழ்நாட்டில் கையில்லாத பனியனை இன்றும் 'சாண்டோ பனியன்' என்றே சொல்கிறார்கள்.

தேவர் அந்தப் பட்டத்தை உழைத்து வாங்கினார். கோவையில் 'வீர மாருதி' என்ற பெயரில் தேகப்பயிற்சிக் கூடம் நடத்தியவர் அவர். தண்டால், பஸ்கி, கர்லாக்கட்டை, குஸ்தி இவைதான் அவருடைய பள்ளிக்கூடம். ஏட்டுப்படிப்பு ஆரம்பப் பள்ளியோடு நின்றுவிட்டது.

பி.யு. சின்னப்பாவும் இவரும் ஒருத்தர்தானே? எங்க ஆயா அப்படித்தான் சொல்றாங்க.

இல்லை. ஆயாவைக் குறை சொல்ல முடியாது, பெயர் அப்படி அமைந்துவிட்டது. பி.யு. சின்னப்பா புதுக்கோட்டைக்காரர். சொந்தக் குரலில் பாடி நடித்த கதாநாயகர். 1940-ல் வந்த 'உத்தமபுத்திரன்' படத்தில் இரட்டை வேடம் போட்டவர். 1951-ல், முப்பத்தைந்து வயதிலேயே இறந்துபோனார். அவரும் சிலம்பம், பளுதூக்குதல் தெரிந்தவர் என்பதால் குழப்பம் இன்னும் கூடுகிறது.

அடையாளம் காண எளிய வழி: பாடினால் பி.யு. சின்னப்பா. ஒரு வார்த்தையும் பேசாமல் வந்து கதாநாயகனைத் தூக்கி எறிந்தால் அது சாண்டோ.

ராமநாதபுரம் தேவர்னா, அந்த அரசியல் தலைவர்தானே?

அவர் பசும்பொன் முத்துராமலிங்கத் தேவர். 1963-ல் மறைந்தவர். தெற்கே ராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்தவர். சின்னப்பா தேவர் பிறந்த ராமநாதபுரம் கோயம்புத்தூர் நகரத்துக்குள்ளேயே இருக்கும் ஒரு பகுதி. ஊர்ப் பெயரும் ஒன்று, பட்டமும் ஒன்று. ஆள் வேறு.

மில்லில் வேலை பார்த்த ஆளு எப்படி சினிமாவுக்கு வந்தாரு?

இடம்தான் காரணம். தமிழ் சினிமா என்றால் சென்னை மட்டும்தான் என்று நம் பிள்ளைகள் நினைக்கிறார்கள். 1930, 40களில் சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ் இருந்தது. கோவையில் சென்ட்ரல் ஸ்டுடியோ இருந்தது, அப்புறம் பட்சிராஜாவும் வந்தது. ஜுபிடர் பிக்சர்ஸ் கம்பெனி சென்ட்ரல் ஸ்டுடியோவில்தான் படம் எடுத்துக்கொண்டிருந்தது. கோவை பஞ்சாலை ஊர். தொழிலாளிகள் வேலை முடிந்ததும் தேகப்பயிற்சிக் கூடத்துக்குப் போவார்கள். ஸ்டுடியோக்காரர்களுக்கு ராஜா ராணிக் கதைக்குக் காவலாளி, மல்லன், தளபதி, கொள்ளைக்காரன் என்று உடம்புள்ள ஆட்கள் தேவைப்பட்டார்கள். ஆட்கள் அங்கேயே பக்கத்தில் இருந்தார்கள்.

தேவர் அப்படி வந்தவர்தான். முதலில் கூட்டத்தில் ஒருவராக, பிறகு சின்ன வேடங்களில். அதே சமயத்தில் அதே ஸ்டுடியோவில் இன்னொரு துணை நடிகரும் வாய்ப்புக்காகக் காத்துக்கொண்டிருந்தார். 1936-ல் முதல் படம் நடித்து, பத்து வருஷத்துக்கும் மேலாகச் சிறு வேடங்களே கிடைத்துக்கொண்டிருந்த எம்.ஜி. ராமச்சந்திரன். இருவருக்கும் உடற்பயிற்சியில் ஆர்வம். அங்கே தொடங்கிய பழக்கம் கடைசி வரைக்கும் நீடித்தது.

எம்.ஜி.ஆரோட பெரிய சண்டை எந்தப் படத்துல?

'ராஜகுமாரி', 1947. ஜுபிடர் தயாரிப்பு, ஏ.எஸ்.ஏ. சாமி இயக்கம். எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனாக நடித்த படம். அதில் ஒரு முரட்டு ஆளோடு மோதும் காட்சி இருந்தது. தொழில்முறை மல்யுத்த வீரர் ஒருவரை அதற்குப் போடலாம் என்று கம்பெனி யோசித்தது. தேவரையே போடவேண்டும் என்று எம்.ஜி.ஆர். வற்புறுத்தி நின்றார். முதல் கதாநாயக வேடம், அதுவே நிச்சயமில்லாத நிலை. அந்த நேரத்தில் நண்பனுக்காகப் பேசினார் என்பது எனக்குச் சின்ன விஷயமாகத் தெரியவில்லை.

அதில் நட்பு மட்டும் இல்லை, தொழில் கணக்கும் இருந்தது என்று நினைக்கிறேன். சண்டைக்காட்சியில் எதிராளியை நம்பவேண்டும். மல்யுத்த வீரருக்கு ஜெயிக்கத் தெரியும். கேமராவுக்கு முன்னால் தோற்கத் தெரிந்தவர் தேவர். அந்தச் சண்டையை மக்கள் ரசித்தார்கள். எம்.ஜி.ஆர். படம் என்றால் சண்டை நன்றாக இருக்கும் என்ற பேச்சுக்கு அது ஒரு தொடக்கம்.

மாமா, நெஜமாவே அடிச்சுக்குவாங்களா?

மண்டபத்தில் அதிகமாக வரும் கேள்வி இது. நீட்டிச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

குத்து விழுவதில்லை. குத்துகிறவரின் கைக்கும் வாங்குகிறவரின் முகத்துக்கும் நடுவில் இடைவெளி இருக்கும். அந்த இடைவெளி தெரியாத கோணத்தில் கேமராவை வைப்பார்கள். சத்தம் பின்னால் சேர்ப்பது. ஆனால் பிடி, தூக்கல், எறிதல், விழுதல் இவற்றில் பெரும்பகுதி நிஜம். இன்று இருக்கிற கம்பி, மெத்தை, கணினி எதுவும் அப்போது இல்லை. மிஞ்சிப்போனால் மணல், வைக்கோல். தரையில் விழுந்தால் தரையில் விழுந்ததுதான்.

எங்கள் கூட்டத்துக்கு வருகிற பெரியவர் ஒருவர் இளவயதில் டர்பனின் கிளேர்வுட் பகுதியில் குஸ்தி பழகியவர். எண்பது வயதைத் தாண்டிவிட்டார். ஒரு ஞாயிறு பிள்ளைகள் இந்தக் கேள்வியைக் கேட்டபோது அவர் எழுந்து வந்து மேசைமேல் முன்கையை வைத்துக் காட்டினார். "முதுகு தரையைத் தொடுறதுக்கு முன்னால உள்ளங்கையும் முன்கையும் தரையில பட்டுன்னு அடிக்கணும். தாடை நெஞ்சோட ஒட்டியிருக்கணும், இல்லன்னா தலை பின்னால போய் இடிக்கும். மூச்சை வெளியே விட்டுடணும்." சொல்லிக்கொண்டே மேசையை ஒரு அடி அடித்தார். தேநீர்க் கோப்பைகள் துள்ளின. அப்புறம் படத்தை மறுபடி ஓட்டி, விழுகிறவரின் கையை மட்டும் பார்க்கச் சொன்னோம். பிள்ளைகள் வாயைத் திறந்தபடி பார்த்தார்கள்.

இன்னொன்று, கதாநாயகன் எதிராளியைத் தலைக்கு மேலே தூக்கும் காட்சி. எவ்வளவு பலசாலியாக இருந்தாலும் செத்த எடையாகக் கிடக்கும் ஆளை அப்படித் தூக்குவது கடினம். தூக்கப்படுகிறவர் சரியான நொடியில் காலை உந்தி எம்பிக்கொடுக்கவேண்டும். மேலே போனதும் உடம்பை விறைப்பாகக் கட்டை மாதிரி வைத்துக்கொள்ளவேண்டும். பாதி வேலை அவருடையது. கைதட்டல் முழுவதும் கதாநாயகனுக்கு.

எங்க பசங்க சிரிக்கிறாங்க. பழைய சண்டையெல்லாம் ஏன் இப்படிப் படபடன்னு ஓடுது?

படம் ஓட்டும்போது நொடிக்கு 24 கட்டம் (ஃபிரேம்) ஓடும். சண்டையை எடுக்கும்போது கேமராவை மெதுவாக்கி 18 அல்லது 20 கட்டமாக எடுத்துவிட்டால், திரையில் அது வேகமாகத் தெரியும். 18-ல் எடுத்தது மூன்றில் ஒரு பங்கு கூடுதல் வேகத்தில் ஓடும். நடிகர்கள் நிதானமாக, காயம் படாமல் செய்ததை விறுவிறுப்பாகக் காட்டும் வழி அது.

அன்றைக்குக் கொட்டகையில் யாரும் சிரிக்கவில்லை. பிள்ளைகளிடம் வேகத்தைக் கொஞ்சம் குறைத்து ஓட்டிக் காட்டுங்கள், இப்போது எல்லா போனிலும் அந்த வசதி இருக்கிறது. குறைத்துப் பார்த்தால் இருவரும் ஒருவர் கண்ணை ஒருவர் பார்த்துக்கொண்டு அடுத்த அடிக்குத் தயாராவது தெரியும். நாட்டியத்தில் ஜோடியாக ஆடுகிறவர்கள் பார்த்துக்கொள்வது போலவே இருக்கும்.

ஸ்டண்ட் மாஸ்டர், ஸ்டண்ட் நடிகர், டூப்பு எல்லாம் ஒண்ணுதானா? தேவர் எது?

ஒன்றில்லை. ஸ்டண்ட் மாஸ்டர் சண்டையை அமைப்பவர்: யார் எங்கே நிற்பது, எத்தனை அடி, யார் எப்படி விழுவது எல்லாம் அவர் பொறுப்பு. டூப் என்பவர் நடிகருக்குப் பதிலாக ஆபத்தான இடத்தில் நிற்பவர். அவர் முகம் தெரியக்கூடாது. ஸ்டண்ட் நடிகர் தன் முகத்தோடே வந்து மோதுபவர், பெரும்பாலும் வசனம் இருக்காது.

தேவர் மூன்றாவது வகை. அதோடு கொஞ்சம் வசனமும் பேசுவார் என்பதால் துணை நடிகர் என்ற பெயரும் சரியே. எங்கள் தெருக்கூத்தைப் பார்த்தவர்களுக்கு இதைப் புரியவைப்பது சுலபம். டர்பன் இருக்கும் நேட்டாலில் அதை ஆறடி டான்ஸ் என்று சொல்வோமே, அதில் ராஜா வேடக்காரருக்கு எதிரே நின்று அவருடைய ஆவேசத்தைத் தாங்குகிற வேடம் ஒன்று இருக்கும். அந்த ஆள் சரியில்லையென்றால் ராஜாவின் கோபம் காற்றில் போய்விடும்.

அவ்வளவு உடம்பு இருந்தும் அவர் ஏன் ஹீரோ ஆகலை?

அந்தக் காலத்துக் கதாநாயகனுக்கு முதல் தகுதி பாட்டு. தியாகராஜ பாகவதரும் மேலே சொன்ன பி.யு. சின்னப்பாவும் ஆண்டுகொண்டிருந்த நேரம். அடுத்து வந்த காலத்தில் வசனம் முக்கியம் ஆனது. உடம்பை மூலதனமாக வைத்து உள்ளே வந்தவருக்கு இரண்டு கதவும் குறுகலாகவே இருந்தன.

விதிவிலக்கு ஒருவர் உண்டு, ரஞ்சன். வாள்வீச்சில் பேர் போனவர். 1948-ல் வந்த 'சந்திரலேகா'வின் நீண்ட வாள்சண்டையை எங்கள் ஊர்ப் பெரியவர்கள் இன்றைக்கும் கையை வீசிக் காட்டுவார்கள். ஆனால் அவருக்கும் அந்தப் படத்தில் கிடைத்தது வில்லன் வேடம்தான்.

அடி வாங்கினவர் முதலாளி ஆனது எப்படி?

1956-ல். 'தேவர் பிலிம்ஸ்' தொடங்கி, முதல் படமாக 'தாய்க்குப் பின் தாரம்' எடுத்தார். கதாநாயகன் எம்.ஜி.ஆர்., கதாநாயகி பானுமதி. இயக்கியவர் தேவரின் சொந்தத் தம்பி எம்.ஏ. திருமுகம். இசை கே.வி. மகாதேவன். படம் வெற்றி பெற்றது. தன் படங்கள் சிலவற்றில் தேவரே சின்ன வேடத்தில் தலைகாட்டுவார். பழைய தொழிலை அவர் முழுக்க விட்டுவிடவில்லை.

ஸ்டண்ட் நடிகராக இருந்த வருஷங்கள் அவர் படம் எடுத்த முறையில் அப்படியே தெரிகின்றன. திட்டமிட்டு வேகமாக முடிப்பது, சொன்ன தேதியில் வெளியிடுவது, பேசிய பணத்தைப் பேசியபடி கொடுத்துவிடுவது இவற்றுக்கு அவர் பேர் வாங்கினார். கூலிக்குக் காத்து நின்றவருக்குத்தான் காத்து நிற்பதன் வலி தெரியும். கதைகளிலும் பாருங்கள்: தொழிலாளி, விவசாயி, வேட்டைக்காரன் என்று தலைப்பிலேயே உடல் உழைப்பு இருக்கும்.

முதல் படம் ஹிட்டுன்னா, அப்புறம் அஞ்சு வருஷம் எம்.ஜி.ஆர். ஏன் அவர் படத்துல இல்லை?

இருவருக்கும் மனவருத்தம் ஏற்பட்டது. தேவர் சோர்ந்து உட்காரவில்லை. 1957-ல் ரஞ்சனை வைத்து 'நீலமலைத் திருடன்' எடுத்தார். அடுத்து ஜெமினி கணேசனை வைத்து ஒரு படம், வேறு நடிகர்களை வைத்துச் சில படங்கள். 1961-ல் 'தாய் சொல்லைத் தட்டாதே' படத்தில் இருவரும் மறுபடி சேர்ந்தார்கள். அப்புறம் 1968 வரைக்கும் வருஷம் தவறாமல் படங்கள். கடைசிப் படம் 1972-ல் வந்த 'நல்ல நேரம்'.

1967 ஜனவரி 12 அன்று எம்.ஜி.ஆர். சுடப்பட்டு மருத்துவமனையில் கிடந்தபோது, இனி அவரால் பேசவே முடியுமா என்று ஊரே கவலைப்பட்டது. தேவர் நேரே போய் அடுத்த படத்துக்கு முன்பணம் கொடுத்துவிட்டு வந்தார் என்று சினிமா உலகில் இன்றும் சொல்வார்கள். 'ராஜகுமாரி' பற்றி மேலே சொன்னதை இதோடு சேர்த்துப் படியுங்கள்.

சிவாஜியை வெச்சு ஒரு படம்கூட எடுக்கலையாமே?

எடுக்கவில்லை.

'தாய்க்குப் பின் தாரம்' காளைச் சண்டை டூப்புதானே? எங்க வீட்டுல ரெண்டு கட்சி.

எல்லா வீட்டிலும் இரண்டு கட்சிதான். விலங்குச் சண்டை எப்படி எடுக்கப்படுகிறது என்று தெரிந்தால் அந்த வாக்குவாதம் கொஞ்சம் தணியும். ஒரே மூச்சில் எடுப்பதில்லை. காளை ஓடிவருவது தனி, நடிகர் விலகுவது தனி, கொம்பைப் பிடிக்கும் நெருக்கக் காட்சி தனி. இவற்றை வெட்டி ஒட்டும்போது சண்டை பிறக்கிறது. எந்தத் துண்டில் நடிகரின் முகமும் காளையின் கொம்பும் ஒரே சட்டத்துக்குள் தெரிகிறதோ, அந்தத் துண்டில் அவர் அங்கே நின்றுதான் இருக்கிறார். அந்தத் துண்டுகளை மட்டும் எண்ணிப் பார்த்துவிட்டு விவாதத்தைத் தொடருங்கள்.

விலங்குகளைப் படத்தின் நடுவே கொண்டுவந்து நிறுத்தியது தேவரின் தனி வழி. 1967-ல் 'தெய்வச்செயல்' என்று யானையை வைத்து ஒரு கதை எடுத்தார். அதே கதையை 1971-ல் ராஜேஷ் கன்னாவை வைத்து 'ஹாத்தி மேரே சாத்தி' என்று ஹிந்தியில் எடுத்தபோது இந்தியா முழுக்க ஓடியது. மறுவருஷம் எம்.ஜி.ஆரோடு 'நல்ல நேரம்'. எங்கள் ஊரில் ஹிந்திப் படத்தைப் பார்த்தவர்களும் தமிழ்ப் படத்தைப் பார்த்தவர்களும் 'எங்கள் யானைப் படம்' என்று ஆளுக்கொன்றைச் சொல்வார்கள். இரண்டுக்கும் முதலாளி ஒருவரே.

காவடிக்குப் போடுற பாட்டுக்கும் இவருக்கும் என்ன சம்பந்தம்?

'மருதமலை மாமணியே' பாட்டைத்தானே கேட்கிறீர்கள்? அது 1972-ல் வந்த 'தெய்வம்' படத்தின் பாட்டு. தேவர் தண்டாயுதபாணி பிலிம்ஸ் என்று இன்னொரு கம்பெனியும் வைத்திருந்தார். அதில் வந்த படம் இது. எழுதியவர் கண்ணதாசன், இசை குன்னக்குடி வைத்தியநாதன், பாடியவர் மதுரை சோமு.

தேவர் தீவிர முருக பக்தர். பேச்சுக்குப் பேச்சு "முருகா" என்பார். கோவைக்குப் பக்கத்தில் இருக்கும் மருதமலைக் கோயிலுக்கு மின்விளக்கு முதற்கொண்டு பல திருப்பணிகள் செய்தார். அம்பிலோ கோயிலிலும் கிளேர்வுட் கோயிலிலும் தைப்பூசத்தன்று காவடி எடுக்கிறவர்களில் எத்தனையோ பேர் இந்தப் பாட்டைக் கேட்டு வளர்ந்தவர்கள். தமிழ் எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியாத பிள்ளைகள்கூட வரி தவறாமல் பாடுவார்கள். முன்வரிசையில் உட்கார்ந்து அவர்கள் ரசித்த அந்த "நெஞ்சு பெரிய மாமா"தான் இந்தப் பாட்டுக்குப் பணம் போட்டவர் என்று போன தைப்பூசத்துக்கு முன்னால் சொன்னேன். ஒரு பெண் குழந்தை என்னை நம்பவே இல்லை. படத்தின் தலைப்பு அட்டையைக் காட்டவேண்டி வந்தது.

நம்ம தாத்தா ஆயாவெல்லாம் இந்தப் படங்களை எங்கே பார்த்தாங்க?

டர்பன் கிரே தெரு வட்டாரத்தில். கிரே தெருவுக்கு இப்போது டாக்டர் யூசுப் தாதூ பெயர். அதே வட்டாரத்து விக்டோரியா தெருவுக்கு பெர்தா எம்கீசே பெயர். அவலான், ராஜ், 1956-ல் திறந்த ஷா ஜஹான் என்று பயாஸ்கோப்புகள் அடுத்தடுத்து இருந்தன. வெள்ளையர் கொட்டகைகளுக்குள் நம்மை விடாத காலம். தொலைக்காட்சி இந்த நாட்டுக்கு வந்ததே 1976 ஜனவரியில்தான். அதனால் வாரக் கடைசி என்றால் பயாஸ்கோப், பயாஸ்கோப் என்றால் கிரே தெரு. நிறவெறி அரசு நம்மவர்களை ஊரை விட்டு எடுத்துச் சாட்ஸ்வர்த்தில் கொண்டுவந்து போட்ட பிறகும் பஸ் ஏறி அங்கேதான் போனார்கள்.

இந்தியர்களின் நில உரிமையைப் பறித்த சட்டத்தை ஒட்டி 1946-ல் இந்தியா தென்னாப்பிரிக்காவோடு வர்த்தகத்தையே நிறுத்திக்கொண்டது. அதற்குப் பிறகும் படங்கள் வந்து சேர்ந்துகொண்டுதான் இருந்தன. என் தாத்தா பார்த்த பிரதிகள் எல்லாம் ஓடித் தேய்ந்தவை. ஒரு கொட்டகையில் நேரத்தை மிச்சம் பிடிக்கச் சண்டை ரீலில் ஒரு பகுதியை வெட்டிவிட்டார்கள் என்று சாகும்வரை குறைப்பட்டார். பாட்டை வெட்டியிருந்தால் பொறுத்துக்கொண்டிருப்பாராம்.

டைட்டிலில் பேரே இல்லாத ஸ்டண்ட் ஆட்களை எப்படிக் கண்டுபிடிக்கிறது?

உடம்பை வைத்து. ஒரே கம்பெனி ஒரே காலத்தில் எடுத்த மூன்று நான்கு படங்களை வரிசையாகப் பாருங்கள். அரண்மனைக் காவலாளியாக வந்தவர் அடுத்த படத்தில் கொள்ளைக்காரனாகவும், அதற்கடுத்ததில் மல்லனாகவும் வருவார். மீசை மாறும், தலைப்பாகை மாறும். தோள், நடை, விழும் பக்கம் மாறாது. பெரும்பாலானவர்கள் பழகிய ஒரு பக்கமாகவே விழுவார்கள். நாங்கள் மண்டபத்தில் ஒரு நோட்டு வைத்திருக்கிறோம். பெயர் தெரியாதவர்களுக்கு "இடப்பக்கம் விழுகிறவர்", "வழுக்கைத் தலை", "காதுக் கடுக்கன்" என்று பெயர் வைத்து, எந்தப் படத்தில் எத்தனையாவது நிமிஷம் என்று எழுதி வருகிறோம்.

எங்க வீட்டுல பழைய போட்டோ ஒண்ணு இருக்கு. சட்டையில்லாம கையை மடக்கி நிக்கிறாரு. பின்னால 'சாண்டோ'ன்னு எழுதியிருக்கு. அது தேவரா?

அனேகமாக இருக்காது. மேலே இரண்டாவது பதிலில் சொன்னபடி சாண்டோ என்பது ஒரு பட்டம். அந்தக் காலத்தில் டர்பனிலும் நம் பையன்கள் தேகப்பயிற்சிக் கூடம் வைத்துப் பளு தூக்கினார்கள், குஸ்தி போட்டார்கள், ஸ்டுடியோவுக்குப் போய் எண்ணெய் பூசிய உடம்போடு படம் எடுத்துக்கொண்டார்கள். அதில் ஒருவர் உங்கள் தாத்தாவின் அண்ணனாகவோ பக்கத்து வீட்டுக்காரராகவோ இருக்கலாம்.

அட்டையின் ஓரத்தில் ஸ்டுடியோ முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். டர்பன் முகவரி இருந்தால் நம் ஊர் ஆள். எதுவானாலும் சட்டத்திலிருந்து பிய்த்து எடுக்காமல், வெயில் படாமல் அப்படியே கொண்டுவாருங்கள். கிளேர்வுட் பெரியவர் அடுத்த ஞாயிறு வருகிறார். அவர் காலத்துப் பையன்கள் என்றால் தோளைப் பார்த்தே பேர் சொல்லிவிடுவார்.